ஏழாம் உறையும் மாமல்லைக் கடலில் இறங்கிய சூரியனும்

போன மாதம் எங்கள் பழைய நெல் ஆராய்ச்சிப் பண்ணையில் ஒரு கூட்டம். ஓய்வு பெற்றவர்களையும் கூப்பிட்டிருந்தார்கள். கூடுவாஞ்சேரியில் ரயிலேறி செங்கல்பட்டில் இறங்கி, ஆட்டோக்காரரிடம் நெல் பண்ணைக்குப் போக வேண்டும் என்றேன். அவருக்கு விளங்கவில்லை. பண்ணைக்கு எதிரே புதிதாக வந்திருக்கும் கல்யாண மண்டபத்தைச் சொன்னதும் "அப்படிச் சொல்லு பெரியவரே" என்று வண்டியை எடுத்தார். நான் ஆயுளில் பாதியைக் கழித்த இடத்துக்கு இப்போது எதிர்க்கட்டடம்தான் விலாசம்.

கூட்டத்தில் ஒரு இளம் விஞ்ஞானி பேசினார். திரையில் வரிவரியாக நாலே எழுத்துகள் திரும்பத் திரும்ப ஓடின. நெல்லின் உள்ளே இருக்கும் எழுத்தாம் அது. இரண்டு ரகங்கள் நல்ல விஷயத்தில் ஒத்துப்போனால் உறவு என்று அவசரப்பட்டுச் சொல்லக் கூடாது, ஆனால் ஒரே இடத்தில் ஒரே மாதிரியான பழுது இரண்டிலும் இருந்தால் அவை ஒரு மூதாதையிடமிருந்து வந்தவை என்று தைரியமாகச் சொல்லலாம் என்றார். நான் வாய்விட்டுச் சிரித்துவிட்டேன். அந்தப் பெண் திகைத்துப்போய், தப்பாக ஏதும் சொல்லிவிட்டேனா என்று கேட்டார். தப்பே இல்லை அம்மா, இதே பாடத்தை எழுபதுகளில் ஒரு கல்யாண வாழ்த்துமடலை வைத்து நாங்கள் படித்துவிட்டோம் என்றேன். எழுதிக் கொடுங்கள் என்றார். அவர் கேட்டது ஒரு பக்கம். நான் எழுத உட்கார்ந்தால் ஒரு பக்கத்தில் நிற்காது என்பது அவருக்குத் தெரியாது.

என் படிப்பைப் பற்றிப் பெரிதாகச் சொல்ல ஒன்றுமில்லை. மதுராந்தகம் ஏரிக்கரை அருகே எங்கள் ஊர். மூன்று தலைமுறையாக அடுத்தவர் வயலில் நடவு நட்டவர்கள் வீட்டில் முதன்முதலாகப் பத்தாவது தேறியவன் நான். அப்புறம் ஒரு வருஷ விவசாயப் பயிற்சி. அதில் டிராக்டரை ஒருமுறை தொட்டுப் பார்க்கக் கொடுத்தார்கள். பிறகு பண்ணையில் தற்காலிக வயல் உதவியாளர் வேலை. அந்தத் 'தற்காலிக' என்ற சொல் ஆறு வருஷம் என் பெயருக்கு முன்னால் இனிஷியல் மாதிரி ஒட்டிக்கொண்டிருந்தது. என் அம்மாவோ ஊரில் எல்லோரிடமும் என்னை நிரந்தரமாக்கியே வைத்திருந்தாள். பெண் பார்க்கவும் தொடங்கிவிட்டாள். ஒரு பெண் வீட்டார் நேராக ஆபீசுக்கே வந்து விசாரித்துவிட்டுப் போனார்கள். அதற்குப் பிறகு அவர்களிடமிருந்து தகவலே இல்லை.

எங்கள் ஆபீசர் கனகசபாபதி. நெல் கலப்பினப் பிரிவுக்குத் தலைவர். ஒல்லியான மனிதர். சட்டைப் பையில் எப்போதும் ஒரு பூதக்கண்ணாடி இருக்கும். யாரையும் சத்தம் போட்டுத் திட்டமாட்டார். எதைக் கையில் எடுத்தாலும் ஒரே கேள்விதான் கேட்பார்: "இது எங்கேருந்து வந்தது?" நெல்லைக் கேட்டால் சரி. டீயைக் கேட்பார், ஒருவர் சொன்ன ஜோக்கைக் கேட்பார். ஒருநாள் குமாஸ்தா ஒரு ஜோக் சொல்லி நாங்கள் எல்லோரும் சிரித்துக்கொண்டிருந்தபோது, அது எந்த வாரப் பத்திரிகையில் எந்தத் தீபாவளிக்கு வந்தது என்று சொல்லி, அதற்கு முன் அது எங்கே இருந்திருக்கும் என்றும் யோசிக்க ஆரம்பித்தார். குமாஸ்தா அதன்பின் அவர் காதுபட ஜோக் சொன்னதில்லை.

அவருக்குத் தமிழ்ப் பித்து உண்டு. அந்தக் காலத்தில் கல்யாணத்துக்கு வாழ்த்துமடல் அச்சடித்துக் கொடுப்பது பெரிய வழக்கம். மாப்பிள்ளையோடு வேலை பார்ப்பவர்கள், பெண்ணின் அப்பா வேலை பார்க்கும் ஆபீஸ் என்று ஆளாளுக்கு ஒரு பாட்டை அச்சடித்து, கண்ணாடிச் சட்டம் போட்டு, மேடையில் மைக்கில் வாசித்துவிட்டுத்தான் சாப்பிடப் போவார்கள். அப்படி வந்த மடல்களை எல்லாம் ஆபீசர் ஒரு பீரோவில் அடுக்கி வைத்திருந்தார். ஓரத்தில் சிவப்புப் பென்சிலால், எந்த வரி எந்த மடலிலிருந்து வந்தது என்று கோடு இழுத்திருப்பார். நெல் ரகங்களுக்கு வம்சாவளி வரைவாரே, அதே மாதிரி.

காலை மகரந்தம் தூவும் வேலை முடிந்து மரத்தடியில் உட்காரும்போது இதைப் பற்றிப் பேசுவார். ஒரு நல்ல கவிஞன் தன் பாட்டில் பழைய பாட்டின் தொடர் ஒன்றை வேண்டுமென்றே வைப்பான், தெரிந்தவன் அதைப் பார்த்துச் சிரித்துக்கொள்வான், தெரியாதவனுக்கும் பாட்டு நஷ்டப்படாது என்பார். திருடனுக்கும் இவனுக்கும் வித்தியாசம் கேட்டால், எடுத்தாளுகிறவன் நாம் கண்டுபிடிக்க வேண்டும் என்று ஆசைப்படுகிறான், திருடுகிறவன் கண்டுபிடித்துவிடக் கூடாது என்று சாமி கும்பிடுகிறான் என்பார். நெல்லும் இப்படித்தான், அப்பனுடைய அடையாளம் பிள்ளையில் தெரியும், சில அடையாளம் பிள்ளையில் ஒளிந்துகொண்டு பேரனில் தலைகாட்டும், ஒரு தலைமுறைக்குப் புரியாத வரியை அடுத்த தலைமுறை புரிந்துகொள்வது போல என்பார். இவ்வளவும் சொல்லிவிட்டு உடனே தானே பிரேக் போடுவார்.

"ஆனா ஒண்ணு தேவசகாயம். கவிஞனுக்கு நினைப்பு இருக்கு, நெல்லுக்குக் கிடையாது. அது யாரையும் நினைச்சு எதையும் எடுத்தாளல. இதை மறந்தா நாம தமிழ்லயும் ஃபெயில், நெல்லுலயும் ஃபெயில்."

எங்கள் குழுவில் மூன்றாவது ஆள் அஞ்சலை. தினக்கூலி. மாமல்லபுரத்தை அடுத்த மீனவர் குப்பத்தில் பிறந்து, பண்ணைக்குப் பக்கத்து ஊரில் வாழ்க்கைப்பட்டவர். என்னைவிட ஐந்தாறு வயது மூத்தவர், நான் அக்கா என்றுதான் கூப்பிடுவேன். சின்ன வயதிலிருந்து வலை பின்னிய கை. அந்தக் கையைப் பற்றிச் சொல்லுமுன், நெல்லுக்குக் கல்யாணம் செய்து வைக்கும் முறையைச் சொல்லியாக வேண்டும்.

நெல் பூ தனக்குத்தானே மகரந்தம் போட்டுக்கொள்ளும் சுபாவம் உடையது. வெளியாளை அது எதிர்பார்ப்பதே இல்லை. ஆகவே தாயாக வைத்துக்கொள்ளும் கதிரில் முதல் நாள் சாயங்காலமே வேலை தொடங்கும். ஏற்கெனவே பூத்ததையும், பிஞ்சாக இருப்பதையும் கிள்ளி எறிந்துவிட்டு, மிச்சமுள்ள ஒவ்வொரு நெல் மொட்டிலும் மேல்பக்கம் மூன்றில் ஒரு பங்கைக் கத்தரியால் வெட்ட வேண்டும். உள்ளே ஆறு மகரந்தப் பைகள் இருக்கும். இடுக்கியை விட்டு ஆறையும் உடையாமல் எடுக்க வேண்டும். ஒன்று தங்கினாலும் போச்சு. பிறகு கதிருக்கு எண்ணெய்த்தாள் பையை மாட்டி, தாய் பெயர், தந்தை பெயர், தேதி, செய்தவரின் முதலெழுத்து எல்லாம் எழுதிய சீட்டைக் கட்ட வேண்டும். மறுநாள் காலை பத்து மணிவாக்கில் தந்தைக் கதிர் பூக்கும்போது அதைக் கொண்டுவந்து பையைத் திறந்து தாயின் மேல் தட்ட வேண்டும். மூச்சைக்கூட அடக்கித்தான் விடுவோம்.

ஆறை எண்ணும்போது வாய்விட்டு எண்ண வேண்டும் என்பது ஆபீசர் போட்ட சட்டம். அஞ்சலை, மீன் எண்ணுகிறவர்கள் வழக்கப்படி ஒன்றுக்குப் பதில் லாபம் வைத்து, "லாபம், ரெண்டு, மூணு" என்று தொடங்குவார். அவர் கையில் ஒரு பையும் உடைந்து நான் பார்த்ததில்லை. ஆனால் தினக்கூலி ஆட்கள் கலப்பு செய்யக் கூடாது, சீட்டில் எழுத்துப் போடக் கூடாது என்பது விதி. அவர் தொட்டி தூக்கலாம், பை மாட்டலாம். இடுக்கியைப் பிடித்தால் அது கணக்கில் வராது.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். அந்த வருஷம் கார்த்திகையில் என்னை நிரந்தரமாக்கும் கோப்பு மேலிடத்துக்குப் போனது. எங்கள் இயக்குநர்தான் கையெழுத்துப் போட வேண்டும். அவர் கறாரான ஆள். இவன் தனியாகக் கலப்பு செய்வானா என்று ஆபீசரிடம் எழுதிக் கேட்டார். ஆபீசர் என்னைக் கூப்பிட்டு, அடித்தண்டு பச்சையாக இருக்கும் எங்கள் ரகத்தைத் தாயாகவும், அடித்தண்டு ஊதாவாக இருக்கும் ஒரு ரகத்தைத் தந்தையாகவும் கொடுத்தார். ஏழு கதிர். யார் உதவியும் இல்லாமல் செய்ய வேண்டும். விதையை முளைக்க வைத்தால் நாற்றின் அடியில் ஊதா தெரிய வேண்டும். தெரிந்தால் கலப்பு நிஜம், நான் நிரந்தரம். பச்சையாகவே இருந்தால் தாய் தானே பெற்றுக்கொண்டது என்று அர்த்தம், நான் வீட்டுக்குப் போக வேண்டியதுதான்.

அதே கார்த்திகையில் இயக்குநர் மகளுக்குத் தை மாதம் கல்யாணம் என்று பத்திரிகை வந்தது. மாப்பிள்ளைக்குக் கல்பாக்கத்தில் வேலை. கல்யாணம் மாமல்லபுரத்தில். பண்ணை ஊழியர் மன்றத்தின் சார்பில் வாழ்த்துமடல் கொடுக்க வேண்டும், யார் எழுதுவது என்ற பேச்சு வந்தபோது நானே கையைத் தூக்கினேன். கோப்பில் கையெழுத்துப் போடப் போகிறவர் வீட்டுக் கல்யாணம். நம் பாட்டைக் கேட்டு மனுஷன் உருகிவிடமாட்டாரா? என் வயது அப்படி.

எழுத உட்கார்ந்தால் ஒன்றும் வரவில்லை. செங்கல்பட்டில் நான் குடியிருந்த அறை, ஓய்வு பெற்ற ஒரு ரயில்வே குமாஸ்தாவின் வீட்டு மாடி. கீழே அவர் கூடத்தில், அவருடைய கல்யாணத்துக்கு வந்த வாழ்த்துமடல் சட்டம் போட்டுத் தொங்கியது. மலையாளக் கரையில் வேலை பார்த்தபோது நண்பர்கள் எழுதிக் கொடுத்ததாம். அதில் இரண்டு வரி எனக்கு ரொம்பப் பிடிக்கும்:

அந்தி மயங்க ஆதவன் சிவந்து
மேலைக் கடலில் மெல்ல இறங்கும்

அப்படி இறங்கும் கதிரவன் மறுநாள் மலைமேல் எழுவது போல இன்பம் மீண்டும் மீண்டும் வருக என்று பாட்டு போகும். நான் என்ன செய்தேன்? அந்த 'மேலை'யைக் கத்தரித்துவிட்டு 'மாமல்லை' என்று வைத்தேன். மாமல்லைக் கடலில் மெல்ல இறங்கும். மகர எழுத்தும் மாறவில்லை, ஊர்ப்பெயரும் வந்துவிட்டது. கல்யாணம் நடக்கும் ஊரின் கடலே வாழ்த்துவது போல ஆகிவிட்டது என்று எனக்கு ஒரே குஷி. அந்த வரியை உண்மையாக்கிக் கொண்டிருந்ததே அந்த 'மேலை'தான் என்பது எனக்கு உறைக்கவில்லை.

இதில் மிச்ச வரிகளை நானே எழுத வேண்டியிருந்தது. அவற்றைத்தான் சாயங்காலங்களில் கதிருக்கு முன் முக்காலி போட்டு உட்கார்ந்து, மொட்டுகளை வெட்டிக்கொண்டே யோசித்தேன். நான் எழுதியது ஆசிரியப்பா. வரிக்கு நாலு சீர். வாய் சீரை எண்ணியது, கை மகரந்தப் பையை எடுத்தது. ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு, வரி முடிந்தது, அடுத்த மொட்டு. ஆறில் இரண்டு உள்ளேயே தங்கின. இதை நான் அப்போது உணரவே இல்லை. ஆறு நாள், ஆறு கதிர், அவ்வளவும் நாலு நாலாகத்தான் நடந்தது.

அஞ்சலைக்குச் சந்தேகம் வந்திருக்கிறது.

"இன்னா தம்பி, வாய் ஏதோ முணுமுணுத்துகினே கீது. ஆறு எண்ணினியா?"

எண்ணினேன் அக்கா என்றேன். பொய் என்று தெரியாமல் சொன்ன பொய். ஏழாவது நாள் கடைசி வரி வரமாட்டேன் என்று அடம்பிடித்தது. இடுக்கியை வைத்துவிட்டுக் காகிதத்தை எடுத்தேன். வெளிச்சம் இறங்கிக்கொண்டிருந்தது. அஞ்சலை முக்காலியில் உட்கார்ந்து ஏழாவது கதிரை எடுத்து, லாபம், ரெண்டு, மூணு என்று முடித்துவிட்டார். நான் சீட்டில் என் எழுத்தை, 'தே.' என்று, போட்டுக் கட்டினேன். எனக்கு அது ஒரு விஷயமாகவே படவில்லை. இன்றைக்கு நினைத்தால் வெட்கமாக இருக்கிறது.

பாட்டைக் கொண்டுபோய் ஆபீசரிடம் கொடுத்தேன். எங்கேருந்து வந்தது என்ற கேள்விக்கு ஒரு முழுப் பதிலைத் தயார் செய்து வைத்திருந்தேன். அவர் படித்தார். இன்னொரு தரம் படித்தார். கண்ணாடியைக் கழற்றி வேட்டி நுனியில் துடைத்தார்.

"நல்லாருக்கு" என்றார்.

அவ்வளவுதான். சிவப்புப் பென்சிலைத் தொடவே இல்லை. என் தமிழுக்கு முன் ஆபீசரே வாயடைத்துவிட்டார் என்று அன்று ஓட்டலுக்குப் போய் எனக்கு நானே ஸ்பெஷல் தோசை வாங்கிக் கொடுத்துக்கொண்டேன்.

விதை முற்றியதும் கதிர்வாரியாக ஏழு உறைகளில் போட்டோம். கலப்பு விதையை உமி நீக்கி, ஈரத்தாளில் வைத்து முளைகட்டுவது எங்கள் வழக்கம். ஆபீசர் அந்த உமியைக்கூட எறிய விடமாட்டார், அந்தந்த உறையிலேயே திரும்பப் போடச் சொல்வார். இருபத்திரண்டு விதை முளைத்தன. தொட்டிகளில் நட்டோம். தை பிறந்தது.

கல்யாணத்தன்று மாமல்லபுரத்தில் நல்ல கூட்டம். அஞ்சலையும் பக்கத்துக் குப்பத்திலிருந்து தன் உறவுக்காரர்களோடு வந்திருந்தார். அவர்கள்தான் பந்திக்கு மீன் இல்லாத குறையைப் பற்றி முதலில் பேசிக்கொண்டிருந்தார்கள். மேடையில் நானே மைக்கைப் பிடித்து வாசித்தேன். மாமல்லைக் கடலில் ஆதவன் இறங்கிய இடத்தில் ஒரு கணம் நிறுத்தி, கூட்டத்தைப் பார்த்தேன். கல்பாக்கத்து விஞ்ஞானிகள் இருந்த வரிசையில் ஒருவர் கையை நீட்டி அடுத்தவருக்குத் திசை காட்டிக்கொண்டிருந்தார். பின்னாலிருந்து அஞ்சலையின் மச்சான் குரல், கடலில் ஆளைக் கூப்பிட்டுப் பழகிய குரல், மைக் இல்லாமலே மண்டபம் முழுவதும் கேட்டது.

"இன்னாபா இது, எங்க கடல்ல சூரியன் எறங்குதா? அப்படி ஒருநாள் எறங்கிச்சுன்னா நாங்க வலைய சுருட்டிகினு ஊரையே காலி பண்ணிடுவோம்."

முதலில் விஞ்ஞானிகள் சிரித்தார்கள். அப்புறம் சமையல்காரர்கள் வரை சிரித்தார்கள். இயக்குநரின் தங்கை மட்டும் சிரிக்கவில்லை. கல்யாணப் பாட்டில் சூரியனை மறையவிட்டவன் யார் என்று கேட்டுக்கொண்டிருந்தார். கிழக்குக் கடற்கரையில் சூரியன் கடலிலிருந்து ஏறும், செங்கல்பட்டுப் பக்கம்தான் இறங்கும் என்பது பால்குடிக்கும் பிள்ளைக்கும் தெரியும். நான் தினமும் சாயங்காலம் பண்ணையில் சூரியனுக்கு எதிரில் உட்கார்ந்துதான் அந்தப் பாட்டை எழுதினேன். முதுகுக்குப் பின்னால் கடல். சாப்பிடாமல் பஸ் ஏறிவிட்டேன்.

நாலாம் நாள் ஆபீசர் மேஜைக்கு ஒரு குறிப்பாணை வந்தது. 'ஊழியர் மன்றம் வழங்கிய வாழ்த்துமடலின் ஐந்தாம் வரியில் கண்டுள்ள சூரியன் குறித்து உரிய விளக்கம் கோரப்படுகிறது. கலப்பு நாற்றுகளைப் பார்வையிட வரும் வெள்ளிக்கிழமை நேரில் பெற்றுக்கொள்ளப்படும்.' ஆபீசர் அதைப் படித்துவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தார். கோபமே இல்லை. ஏதோ தூரத்து உறவினரைப் பார்ப்பது போலப் பார்த்தார். எனக்கு அதுதான் பயமாக இருந்தது.

வெள்ளிக்கிழமை விடிந்ததும் தொட்டிகளிடம் ஓடினேன். நாற்று வளர்ந்து, இரண்டு நாளாக நிறம் தெளிவாகத் தெரிய ஆரம்பித்திருந்தது. முதல் உறை, பச்சை. இரண்டாம் உறை, பச்சை. ஆறு உறைகளிலும் மொத்தம் பத்தொன்பது நாற்று, அவ்வளவும் பளபளவென்று பச்சை. ஏழாம் உறையில் மூன்றே மூன்று. மூன்றும் மண்ணையொட்டி நாவல்பழம் பிழிந்தது போல ஊதா. அப்போதுதான் எல்லாம் ஒருசேரப் புரிந்தது. நாலு சீர், ஆறு பை, அஞ்சலையின் கேள்வி. பாட்டில் அப்பன் ஒளிந்துகொண்டிருந்தான், நெல்லிலோ அப்பனையே காணோம்.

ஆனால் ஒரு சபலமும் கூடவே வந்தது. ஏழாம் சீட்டில் இருப்பது என் எழுத்து. மூன்று ஊதா போதும். இருபத்திரண்டில் மூன்று தேறினால்கூட அது வெற்றிதான். மிச்சத்துக்கு மழை, காற்று என்று சொல்லிக்கொள்ளலாம். அஞ்சலை வாய் திறக்கமாட்டார், திறந்தால் விதியை மீறியதற்கு அவர் கூலிதான் போகும். அம்மாவின் முகம் கண்முன் வந்தது. மனசு கணக்குப் போட்டுவிட்டது என்பதை ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன்.

இயக்குநர் ஜீப்பில் வந்தார். பின்சீட்டில் வாழ்த்துமடல், சட்டத்தோடு. அதை இறக்கி, தொட்டிகளுக்குப் பக்கத்தில் சுவரில் சாய்த்து வைத்தார்கள். குற்றவாளியை அடையாள அணிவகுப்பில் நிறுத்துவது போல இருந்தது. அவர் குனிந்து ஒவ்வொரு தொட்டியாகப் பார்த்தார். ஏழாவதில் நின்றார்.

"இது தேறியிருக்கு. இது யார் செஞ்சது?"

ஆபீசர் ஏழாம் உறையைத் திறந்து, உமியை உள்ளங்கையில் கொட்டி, பூதக்கண்ணாடியில் பார்த்தார். நான் கத்தரித்தால் வெட்டு நேராக இருக்கும். அஞ்சலை வலை நூல் அறுத்துப் பழகியவர், அவர் வெட்டு சாய்வாக விழும். அதை ஆபீசர் அறியாதவர் இல்லை. என்னைப் பார்த்தார். உமியைத் திரும்ப உறையில் போட்டார்.

"சீட்டுல தே.ன்னு இருக்கு" என்றார்.

எனக்குத் தப்பிக்கவும் வழிவிட்டு, தப்பிக்காமல் இருக்கவும் வழிவிட்டு நின்றார். பத்தடி தள்ளி அஞ்சலை தண்ணீர்க் குடத்தோடு நின்றார். அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார், நான் பொய் சொல்லச் சௌகரியமாக இருக்கட்டும் என்று. அந்தத் திருப்பல்தான் என்னை உடைத்தது.

"ஐயா, அந்தப் பாட்டுல நல்ல வரி என்னோடது இல்ல. இங்க ஊதாவா இருக்கிறதும் என்னோடது இல்ல, அது அஞ்சலைக்கா செஞ்சது. அந்தப் பச்சை பத்தொன்பதுதான் நான் செஞ்சது."

பிறகு நாலு சீர் கதையையும், வீட்டுக்காரர் கூடத்துச் சட்டத்தையும் ஒன்றுவிடாமல் சொன்னேன். இயக்குநர் முகத்தில் ஈ ஆடவில்லை. மூலப் பாட்டு யார் எழுதியது என்று கேட்டார். தெரியாது, அடியில் 'நண்பர்கள்' என்று மட்டும்தான் போட்டிருக்கிறது என்றேன். அப்போது ஆபீசர் தொண்டையைச் செருமினார்.

"அது நான்தாங்க ஐயா."

அவர் சின்ன வயதில் மலையாளக் கரையில் ஒரு பண்ணையில் வேலை பார்த்திருக்கிறார். அங்கே ரயில்வேயில் இருந்த சிநேகிதருக்குக் கல்யாணம். அறையில் இருந்தவர்கள் பாட்டு எழுதும் பொறுப்பை இவர் தலையில் கட்டினார்கள். அங்கே சூரியன் ஒழுங்காகக் கடலில்தான் இறங்குவான். கல்யாணத்தில் சூரியனை இறக்கலாமா என்று இயக்குநர் கேட்டதற்கு, அப்போது எனக்குக் கல்யாணம் ஆகவில்லை, விவரம் போதாது என்றார்.

"சரிய்யா. இவன் கொண்டுவந்து காட்டினப்பவே உமக்குத் தெரிஞ்சிருக்கும். திசை தப்புன்னு ஏன் சொல்லல?"

ஆபீசர் கண்ணாடியைக் கழற்றினார். அந்த மனிதர் வெட்கப்பட்டு நான் பார்த்தது அந்த ஒருமுறைதான்.

"இத்தனை வருஷமா எதைப் பார்த்தாலும் எங்கேருந்து வந்ததுன்னு கேட்டுக்கிட்டிருந்தேன். இதை மட்டும் கேட்க வேண்டியிருக்கல. என் வரி, எனக்கே தெரியாம, யார் வீட்டுலயோ வளர்ந்து திரும்பி வந்து நிக்குது. அந்த சந்தோஷத்துல கடல் எந்தப் பக்கம்னு பார்க்க மறந்துட்டேன்."

அஞ்சலைதான் முதலில் சிரித்தார். குடத்துத் தண்ணீர் தளும்பியது. இயக்குநர் திரும்பி ஜீப்பில் ஏறும் வரை முகத்தை இறுக்கமாகவே வைத்திருந்தார். ஏறியபின் கர்சீப்பை எடுத்து வாயைப் பொத்திக்கொண்டதை டிரைவர் பிற்பாடு சொன்னார்.

அடுத்த வாரம் உத்தரவு வந்தது. என் தற்காலிகம் இன்னும் ஒரு வருஷம் நீடிக்கப்பட்டது. அடுத்த பருவத்துக் கலப்பை அஞ்சலை செய்ய வேண்டும், நான் பக்கத்தில் உட்கார்ந்து ஆறு வரை வாய்விட்டு எண்ண வேண்டும். சீட்டில் 'அ.' என்று எழுத வேண்டும். கடைசி வரி: 'சூரியன் குறித்த விளக்கம் ஏற்கப்பட்டது. கோப்பு முடிக்கப்படுகிறது.' அந்த ஒரு வருஷம் ஒரு வார்த்தையும் நான் யாப்பில் எழுதவில்லை. லாபம், ரெண்டு, மூணு என்று எண்ணிக்கொண்டிருந்தேன். அம்மா ஊரில் என்னை இரண்டாம் முறை நிரந்தரமாக்கினாள். அதற்கடுத்த தையில் அது உண்மையாகவும் ஆனது. அஞ்சலை நிரந்தரமாக இன்னும் நாலு வருஷம் பிடித்தது. அதற்கு ஆபீசர் எழுதிய கடிதங்கள் தனிக் கோப்பு. ஊதா நாற்றுகள் மூன்றும் பண்ணைப் பதிவேட்டில் அஞ்சலை பெயரில்தான் இருக்கின்றன.

திரும்பி வந்த வாழ்த்துமடலைத் தூக்கி எறிய மனமில்லாமல் விதைக் கிடங்குச் சுவரில் மாட்டிவைத்தார் ஆபீசர். அவர் போன பிறகும் அது அங்கேயே தொங்கியது. நானும் அதை மறந்துபோனேன்.

நான் ஓய்வு பெற்ற அன்று பண்ணையில் சின்ன விழா வைத்தார்கள். முன்வரிசையில் அஞ்சலை, எனக்கு முன்பே ஓய்வு பெற்றவர், காதில் கருவியோடு உட்கார்ந்திருந்தார். புதிதாகச் சேர்ந்த வயல் உதவியாளர் ஒருவர் என்னைப் பற்றி வாழ்த்துப்பா எழுதிக் கொண்டுவந்து மைக்கைப் பிடித்தார். மூன்றாவது வரியில் ஆரம்பித்தது.

அந்தி மயங்க ஆதவன் சிவந்து
மாமல்லைக் கடலில் மெல்ல இறங்கும்

அப்படி இறங்குகிற கதிரவன் போல நான் பணியிலிருந்து விடைபெறுகிறேனாம். கல்யாண மேடையில் அபசகுனமாகக் கேட்ட வரி, ஓய்வு விழாவில் அளவெடுத்துத் தைத்தது மாதிரி உட்கார்ந்துவிட்டது. திசை மட்டும் பிறவிக் கோளாறாகத் தப்பாகவே இருந்தது. அஞ்சலை வாயில் முந்தானையை வைத்து அடைத்துக்கொண்டு குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். யாருக்கும் காரணம் புரியவில்லை.

விழா முடிந்ததும் அந்த இளைஞர் என்னிடம் வந்து, பாட்டு எப்படி இருந்தது சார் என்று கேட்டார். இது எங்கேயிருந்து வந்தது என்று கேட்டேன்.

"சொந்தமா எழுதினது சார்" என்றார். கண்ணைக்கூடச் சிமிட்டவில்லை.

எனக்குச் சொல்ல எவ்வளவோ இருந்தது. திசையைச் சொல்லலாம், விதைக் கிடங்குச் சுவரைச் சொல்லலாம், மலையாளக் கரையைச் சொல்லலாம். அந்த வரி இவ்வளவு தூரம் நடந்து வந்து என் முன்னால் நிற்கிறதே என்று நெஞ்சு நிறைந்துபோயிருந்தது. கண்ணாடியைக் கழற்றி வேட்டி நுனியில் துடைத்துக்கொண்டேன்.

"நல்லாருக்கு" என்றேன்.